கம்ப்ளெய்ன்ட் கொறஞ்சிருச்சாம்

எங்கள் லயத்து வரிசை வீடுகளில் யார் பெரியாஸ்பத்திரிக்குப் போனாலும் துணைக்கு நான் போக வேண்டும். யட்டியாந்தோட்டைப் பக்கத்து ரப்பர் தோட்டம் இது. எல்லோருக்கும் சிங்களம் வரும். கடையில் பருப்பு வாங்குவார்கள், பஸ்ஸில் சண்டை பிடிப்பார்கள். டொக்டருக்கு முன்னால் நின்றால் மட்டும் வந்த சிங்களம் ஓடிவிடும். எனக்கு ஓடாது. தாய்மார் வேலைக்குப் போகும்போது குழந்தைகளை விட்டுவிட்டுப் போகிற பிள்ளைக் காம்பராவில் வேலை பார்க்கிறேன். குழந்தைகளைப் பார்க்க வருகிற சிங்கள நர்ஸ் மிஸ்ஸிமாரோடு பேசிப் பேசி வளர்ந்த வாய் இது. அந்த வாயைப் பற்றி எனக்குக் கொஞ்சம் திமிர் இருந்தது. கொஞ்சமென்ன, நிறையவே இருந்தது.

அக்கா ரப்பர் பால் வெட்டுகிறவள். போன வருஷம் அவளுக்கு முதலில் மூட்டு வலி வந்தது, பிறகு இரண்டு கன்னத்திலும் சிவப்பு, பிறகு கால் வீக்கம். லூபஸ் என்றார்கள். கிட்னியைப் பிடித்திருக்கிறது, ஒழுங்காக மருந்து குடிக்காவிட்டால் கடைசியில் மெஷினில் போட்டு இரத்தம் சுத்தம் பண்ண வேண்டி வரும் என்றார்கள். அதை நான்தான் அக்காவுக்குத் தமிழில் சொன்னேன். அன்றைக்குச் சரியாகத்தான் சொன்னேன்.

குளிசை குடிக்கக் குடிக்க அக்காவின் முகம் ஊதிவிட்டது. "என்னக்கா, வீட்டுல விருந்தா?" என்று தண்ணீர் பிடிக்கிற பீலிக்கரையில் கேட்கிறவர்களுக்கு வாய் வலிக்கவில்லை, அக்காவுக்குத்தான் மனசு வலித்தது. கண்ணாடியைத் திருப்பி வைத்துவிட்டாள்.

மூன்றாவது கிளினிக்கில் ஒரே சனக்கூட்டம். டொக்டர் இரத்த ரிப்போட்டைப் பார்த்துவிட்டு, "கொம்ப்ளிமென்ட் டிகக் அடுயி. பெஹெத் திகடம பொன்ன" என்று சொல்லி அடுத்த நம்பரைக் கூப்பிட்டார். மருந்தைத் தொடர்ந்து குடிக்கச் சொல்கிறார், அது சரி. டிகக் அடுயி என்றால் கொஞ்சம் குறைவு, அதுவும் சரி. முதலில் நின்ற சொல்தான் என்னைக் கவிழ்த்தது. எங்கள் தோட்டத்து டிஸ்பென்சரியில் யார் போனாலும் மருந்து கொடுக்கிற ஐயா கேட்கிற முதல் கேள்வி, "என்ன கம்ப்ளெய்ன்ட்?" என்பதுதான். எங்களுக்குக் கம்ப்ளெய்ன்ட் என்றால் நோய். அதைக் கேட்டே வளர்ந்த காது வேறு எதைக் கேட்கும்?

"என்னடி சொல்றாரு?"

"கம்ப்ளெய்ன்ட் கொறஞ்சிருச்சாம்கா! மருந்த மட்டும் விடாம குடிக்கணுமாம்."

முதல் பாதி அவள் காதில் விழுந்தது, இரண்டாம் பாதி விழவில்லை. பஸ் ஸ்டாண்டில் ஆளுக்கு இரண்டு வடை தின்றோம். அடுத்த வாரத்திலிருந்து அவள் குளிசையைப் பாதியாக உடைத்தாள். பிறகு ஒரு நாள் விட்டு ஒரு நாள். எனக்குத் தெரியும். நோய் குறைந்துவிட்டது என்று சொன்னவளே நான்தானே, சும்மா இருந்துவிட்டேன். அதை நினைத்தால் இப்போதும் என் மேல் எனக்கு ஆத்திரம் வருகிறது.

அடுத்த கிளினிக் வரவே இல்லை, அதற்குள் அவள் காலில் செருப்பு நுழையவில்லை. மூத்திரம் சவர்க்காரத் தண்ணீர் மாதிரி நுரைத்தது. வார்டில் சேர்த்தோம். இரத்தம் எடுக்க வந்தவர் டவுன் பக்கத்து முஸ்லிம் அம்மா, தமிழ் பேசுகிறவர். விடுவேனா?

"போன தடவ கம்ப்ளெய்ன்ட் கொறஞ்சிருச்சுன்னு சொன்னீங்க, இப்ப ஆளே வீங்கிக் கெடக்கு! என்ன வைத்தியம் பாக்குறீங்க?" என்று வார்டே திரும்பிப் பார்க்கக் கத்தினேன்.

அவர் கோபப்படாமல் ஃபைலைப் புரட்டினார். "தங்கச்சி, இது கம்ப்ளெய்ன்ட் இல்ல, கொம்ப்ளிமென்ட். எங்கட ரத்தத்துக்குள்ள ஈக்கிற ஒரு சாமான். கொறயிறது நல்லமில்ல."

பிறகு கட்டிலோரமாக நின்றே சொன்னார். பள்ளிக்கூடத்தில் பிறபொருளெதிரி என்று படித்தேனே, அது கிருமியைக் கண்டால் போய் ஒட்டிக்கொள்ளும். ஒட்டியதும் இந்தக் கொம்ப்ளிமென்ட் கூட்டமாக வந்து, ஒட்டிய இடத்தில் ஓட்டை போட்டு அழிக்கும். நல்ல வேலைதான். ஆனால் அக்காவின் உடம்பில் பிறபொருளெதிரி சொந்த உடம்பையே பகையென்று பிடித்துக்கொண்டு கிட்னியில் போய்ப் படிந்திருக்கிறது. கொம்ப்ளிமென்ட் அங்கேயும் வந்து அடிக்கிறது. அடித்து அடித்துச் செலவாகிறதால் இரத்தத்தில் குறைகிறது.

அக்கா முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியமில்லை. அவளோ கூரையைப் பார்த்தபடி யோசித்துக்கொண்டிருந்தாள்.

"நம்ம ரப்பர் காட்டுல வேர்நோய் புடிச்ச மரத்துக்குச் செவப்பு பெயிண்டு அடிப்பாங்கல்ல," என்றாள். "பெயிண்டு பட்ட மரத்த வெட்டுற ஆளுக ஒண்ணும் கேக்க மாட்டாங்க, சாச்சுட்டுப் போயிருவாங்க. எனக்குள்ள பெயிண்டு அடிக்கிறவனுக்குப் பைத்தியம் புடிச்சிருக்கு. நல்ல மரத்துக்கெல்லாம் அடிக்கிறான். வெட்டுறவங்க லயத்துல கொறைவா இருக்காங்கன்னா, காட்டுல வெட்டு நடக்குதுன்னு அர்த்தம். அதானே?"

"அதேதான்," என்றார் அந்த அம்மா.

அப்புறம்தான் நான் அழுதேன். "என்னாலதான்கா" என்றேன்.

"சும்மா இரு. குளிசைய விட எனக்குத்தான் ஆசையா இருந்துச்சு. நீ ஒரு சாக்குக் குடுத்த, அவ்வளவுதான். இனிமே மொகம் பூசணிக்கா ஆனாலும் பரவால்ல, பெயிண்டு டின்ன அவன் கையிலருந்து புடுங்கணும்."

பிடுங்கினாள். சேலைன் வழியாக ஏற்றிய மருந்து, பிறகு மாதக்கணக்கில் குளிசை. ஒரு வேளை தப்பவில்லை. பீலிக்கரையில் கேட்டவர்களிடம், "ஆமா, விருந்துதான், வந்து பாத்திரம் கழுவு" என்றாள். கண்ணாடி மறுபடி நேராகத் திரும்பியது.

போன கிளினிக்கில் என்னை வாய் திறக்க விடவில்லை. டொக்டர் ரிப்போட்டை விரித்ததும் அவளே முன்னால் சாய்ந்து, எப்படி இருக்கிறது என்று சிங்களத்தில், "கொம்ப்ளிமென்ட் கொஹொமத டொக்டர்?" என்று கேட்டுவிட்டாள். அவர் நிமிர்ந்து பார்த்தார். "ஹொந்தாயி. நோர்மல்," என்றார். நல்லதாம். மூத்திரத்தில் புரதம் போவதும் நின்றுவிட்டதாம். கிட்னி தப்பியது! மருந்தை மட்டும் தொடர வேண்டும். நான் அவ்வளவு சனத்துக்கு நடுவில் கைதட்டிவிட்டேன். வெட்கமாக இல்லை.

வெயில் அவளுக்கு ஆகாது. ரப்பர் காட்டில் நிழல் இருக்கிறது, விடிந்ததும் பால்வெட்டு ஆரம்பித்து வெயில் ஏறுமுன் முடிந்துவிடும். முழுக்கைச் சட்டை போட்டுக்கொண்டு வேலைக்குப் போகலாம் என்று டொக்டர் சம்மதித்தார். அதற்குத் தோட்டத்து டிஸ்பென்சரியில் ஒரு துண்டுச் சீட்டு வாங்க வேண்டும். மறுநாளே போனோம். ஐயா தலை நிமிராமல் வழக்கம்போலக் கேட்டார்.

"என்ன கம்ப்ளெய்ன்ட்?"

அக்கா என்னைப் பார்த்துக் கண்ணடித்துவிட்டு நிமிர்ந்து நின்றாள்.

"கம்ப்ளெய்ன்ட் ஒண்ணும் இல்லீங்க. கொம்ப்ளிமென்ட்டுதான் இருக்கு. நெறையா இருக்கு."