மெக்சிக்கோ அணியில் ரூபன்

கனடாவில், எங்கள் அஜக்ஸ் வீட்டில் மகள் தேடியெடுத்த பழைய வீடியோ கேம் பெட்டி சூடேறியபோது எழுந்த தூசி கருகும் மணம், இப்போது இடித்துத் தள்ளப்பட்டுவிட்ட எங்கள் ஸ்காபரோ பேஸ்மென்டுக்கு என்னை இழுத்துப்போனது. இலங்கையில் போர் முடிந்த அந்த மே மாதம், கூடைப்பந்து கேமில் எங்கள் நிறத்துக்கு நெருங்கியவர்கள் என்று மெக்சிக்கோ அணியைத் தெரிவுசெய்து, ஆட்டக்காரரின் பெயர்களை அழித்து, வன்னியில் தொடர்பற்றுப்போன மாமா பிள்ளைகளின் பெயர்களைப் போட்டிருந்தேன். ஓயாத வானொலி, ஒரே நம்பரை அழுத்தியழுத்திக் குசினிக்கும் கதவுக்குமாக நடந்துகொண்டேயிருக்கும் அம்மா, இவற்றுக்கிடையில் என் பந்து தட்டும் சத்தம்.

ஒருநாள் என்னை மறந்து கத்தினேன்: "ஐயோ, ரூபனுக்குக் காயம்!"

அம்மா போனோடு ஓடிவந்தார். "ஆர் சொன்னது? எங்க இருக்கிறானாம்?"

"கேமிலயம்மா..."

அடி விழும் என்றிருந்தேன். அவர் திரையையே பார்த்துக்கொண்டு நின்றார். "அவனை வெளியில எடு."

ரூபனை ஆட்டத்திலிருந்து எடுத்து, மாற்று ஆட்டக்காரர் இருக்கும் வாங்கில் இருத்தினேன். வன்னியிலிருந்து அவனைப் பற்றி ஒரு சேதியும் பிறகு வரவில்லை.

இன்று மகள் அதே அணியைத் திறந்துவிட்டுக் கேட்கிறாள்: "அப்பா, ரூபன் இப்ப ஓகே, காயம் மாறிட்டுதாம். விளையாட இறக்கட்டா?"

"வேண்டாம் பிள்ளை. அவன் உந்த வாங்கிலயே இருக்கட்டும்."