நல்லாருக்குதுன்னு சொன்னா நம்பாதீங்க

ஒருத்தர் தடுமாறுவதை வாயை மூடிக்கொண்டு பார்க்கிறதுதான் என் தொழில். போனில் டிக்கெட் போடப் போய்ப் பேஜாரானவர்களுக்கு என் கதை புரியும்.

திண்டிவனத்தில் ஒரு சின்ன கம்பெனி. அங்கே வேலை பார்த்த தமிழரசி, மல்லாட்டை மண்டிக்கு, அதாவது வேர்க்கடலை மண்டிக்கு, ஒரு ஆப் செய்திருந்தாள். வீட்டிலிருந்தே டோக்கன் போட்டுவிட்டால், மூட்டையோடு ரெண்டு நாள் வரிசையில் கிடக்க வேண்டாம். வெள்ளிக்கிழமை மண்டி மேனேஜர் முன்னால் அஞ்சு பேர் தாங்களாகவே டோக்கன் போட்டுக் காட்ட வேண்டும். முடியாவிட்டால் பழைய வரிசைதான். மண்டியில் மூட்டை தூக்கிக்கொண்டிருந்த, அஞ்சாவது மட்டும் படித்த என்னை, ஆள் கூட்டி வந்து சோதித்துப் பார்க்கச் சொன்னாள்.

போண்டா

முதல் நாள் நாலு பேர். டீ, போண்டா கொடுத்துவிட்டுப் போனை நீட்டினோம். ஒருத்தருக்கும் டோக்கன் விழவில்லை. ஆனால் "எப்படி இருக்குது?" என்று கேட்டால் நாலு பேரும், "நல்லாருக்குதுங்க." தமிழரசி சந்தோஷமாக எழுதிக்கொண்டாள். வாசலில் அந்த நாலு பேரில் ஒருத்தனான கோவிந்தனை ஓரங்கட்டி, நெசத்தைச் சொல்லுய்யா என்றேன்.

"துன்ன வாயால எப்டிண்ணே கொறை சொல்றது? அந்தப் பொண்ணு மூஞ்சியப் பார்த்தியா?"

சிவப்பு

அன்றிலிருந்து போண்டா கடைசியில்தான். மறுநாள் அஞ்சலை வந்தாள். அமாவாசை தவறாமல் மேல்மலையனூர் அம்மன் கோயிலுக்குப் போகிறவள். தேதியைத் தப்பாகப் போட்டாள். திரை முழுக்கச் சிவப்பாகிவிட்டது. போனைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு எழுந்துவிட்டாள். "அம்மா, சிவப்பு வந்தா தப்புன்னு அர்த்தம்" என்றாள் தமிழரசி.

"தப்புன்னா தப்புன்னு எழுதறதுதானே? குங்குமத்தக் கொட்டி வச்சா நான் என்னான்னு நெனைக்கிறது?"

அஞ்சாவது ஆள்

சிவப்பை எடுத்துவிட்டு, 'தேதி தப்பு, மாத்துங்க' என்று பெரிதாக எழுதினாள் தமிழரசி. வெள்ளிக்கிழமை நாலு பேர் சரியாகப் போட்டுவிட்டார்கள். மிச்சம் லூர்துமேரி. பிரம்மதேசம் பக்கத்து ஊர். வீட்டில் ரெண்டு கறவை மாடு, கறக்க வேறு ஆளில்லை. வரிசையில் நின்றால் மாடு கத்தும். அவளுக்குத்தான் இந்த டோக்கன் ரொம்ப வேண்டும்.

ஒவ்வொன்றையும் நாலைந்து தடவை அழுத்தி அழுத்தி வந்தவள், கடைசிப் பொத்தானை அழுத்தினாள். ஒன்றும் ஆகவில்லை. மல்லாட்டை உரித்து உரித்துக் காய்த்துப்போன விரல். திரைக்கு அது விரலாகவே தெரியவில்லை. கட்டை விரல், ஆள்காட்டி விரல், எதற்கும் அசையவில்லை. மேனேஜர் கடிகாரத்தைப் பார்த்தார். என் கை தானாக எழுந்தது. தொடைக்கு அடியில் வைத்து அதன்மேல் உட்கார்ந்துகொண்டேன். தமிழரசி தரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். லூர்துமேரி கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். பிறகு சுண்டு விரலால் மெதுவாகத் தொட்டாள். டோக்கன் விழுந்தது.

"பத்து வெரல்ல இதான் சோம்பேறி. இதுக்கும் ஒரு வேலை கெடைச்சுதே. நான் கெளம்பறேங்க, மாடு கறக்கற நேரம்."

அந்த சீசனில் மண்டி வாசலில் வரிசை பாதியாகிவிட்டது; வரிசையை நம்பிக் கடை போட்டிருந்த டீக்கடைக்காரர் மட்டும் இன்றைக்கும் எனக்கு முகம் கொடுத்துப் பேசுவதில்லை.