கவரிங் தாலிக்கொடி

பிரெஞ்சுப் படங்களில் எனக்கு இரண்டு வேலை. திரைக்கதை எழுதுவேன், உடைகளையும் கவனிப்பேன். எழுத்தை மட்டும் நம்பினால் மொன்ட்ரியாலில் அடுப்பு எரியாது. படப்பிடிப்பில் வசனத்தைப் பற்றி ஒருவர் கேட்டால், ஊசி இருக்கிறதா என்று பத்துப் பேர் கேட்பார்கள். வருத்தமில்லை, எரிச்சல் உண்டு.

சென்ற ஆண்டு நான் எழுதிய படத்தில் தமிழ் பேசும் காட்சி ஒன்றே ஒன்று. கணவனை அடக்கம் செய்துவிட்டு வந்த பெண் தன் தாலிக்கொடியைக் கழற்றித் தட்டில் வைக்கிறாள். மேசையில் இருந்து எழுதும்போது அது வெறும் ஒரு வரி.

நகரின் வடக்கே மொன்ட்ரியால்-நோர் பகுதியில் ஒரு வாடகை வீட்டில் அதை எடுத்தோம். நடிக்க எங்கள் மாதா கோயில் பங்குப் பெண்களை அழைத்திருந்தேன். சாவு வீட்டுக்குப் போவதுபோல் வாருங்கள் என்று படித்துப் படித்துச் சொல்லியும் பாதிப் பேர் காஞ்சிபுரப் பட்டில் வந்து இறங்கினார்கள். கமராவல்லவா? சேலைகளை அயன் பண்ணித் தர அம்மா உதவிக்கு வந்திருந்தார். இருவருமாக எல்லோரையும் பருத்திக்கு மாற்றினோம்.

விதவையாக நடிக்க இருந்தவர் தாலிக்கொடியைக் கண்டதும் பின்வாங்கினார். கவரிங்தான் என்றேன்.

"என்ரை மனுசன் வீட்டில உயிரோடை இருக்கிறார், பிள்ளை. விளையாட்டுக்கும் இதைச் செய்யேலாது."

மற்றவர்கள் ஆளையாள் பார்த்தார்கள். அவர்களை என்ன குறை சொல்வது? என் கணவரும் வீட்டில்தான் இருந்தார்; நானும் முன்வரவில்லை.

இயக்குநர் ஒரு கியூபெக் பெண், பொறுமைசாலி. வெளிச்சம் போகிறது, ஆள் இல்லையென்றால் இந்தக் காட்சியை விட்டுவிடுவோம் என்றார். எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. இந்தக் காட்சிக்காகத்தான் படத்தையே எழுதியிருந்தேன்.

அம்மா அயன் பெட்டியை நிமிர்த்தி வைத்தார். "நான் இருக்கிறன்."

அப்பா இறந்த நாளிலிருந்து அம்மாவின் கழுத்தில் ஒன்றும் இல்லை. நீங்கள் நடிக்க வேண்டாம் என்று எவ்வளவோ சொன்னேன், கேட்கவில்லை. கழற்றுவதென்றால் முதலில் போட வேண்டும். போட்டுவிடுவது உடைக்குப் பொறுப்பானவளின் வேலை. பின்னால் நின்று கொக்கியை மாட்டினேன். அம்மா கொடியைச் சேலைக்கு வெளியே எடுத்து நேராக்கிக்கொண்டார்.

கமரா ஓடியது. பெண்கள் சுற்றியிருந்தார்கள். ஒருவர் தட்டை நீட்டினார். அம்மாவின் கை கழுத்துக்குப் போய்க் கொடியைப் பிடித்தது. கழற்றவில்லை. தட்டை நீட்டியவரைப் பார்த்துச் சாதாரணமாகச் சொன்னார்:

"ஒருக்காக் கழட்டினது காணும்."

கமராவை நிறுத்திய இயக்குநர் என்னிடம் வந்து அர்த்தம் கேட்டார். ஒருமுறை கழற்றியதே போதும் என்கிறார் என்று பிரெஞ்சில் சொன்னேன். திரும்ப எடுக்கத் தேவையில்லை என்றார்.

படப்பிடிப்பு முடிந்ததும் சேலைகளையும் நகைகளையும் எல்லோரிடமும் திரும்ப வாங்கிப் பெட்டியில் அடுக்கினேன். அம்மாவிடம் மட்டும் கேட்கவில்லை.