அம்மாவுக்குப் பனி என்றால் பயம்

என் கையெழுத்து கோழி கிளறியது போல இருக்கும். பிழைகளும் இருக்கும். படிக்கிறவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும். நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவன். அந்த ஐந்து வகுப்பும் அம்மா தந்தது என்று சொல்லத்தான் எழுதுகிறேன்.

இலங்கை மலையகத்தில் டயகமப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்து லயத்தில், வரிசையாக ஒட்டிக் கட்டிய வீடுகளில் ஒன்றில் பிறந்தேன். பள்ளிக்கூடத்துக்கு ஒரு தேயிலை மலையைக் கடந்து போக வேண்டும். பனி இறங்கினால் நீட்டிய கை தெரியாது. முதலாம் வகுப்பில் பாதி வழியிலேயே அழுதுகொண்டு திரும்பிவிடுவேன். இன்னொரு நாள் வராவிட்டால் பெயரை வெட்டிவிடுவதாக வாத்தியார் சொல்லி அனுப்பினார்.

மறுநாள் காலையில் கொழுந்துக் கூடையை மாட்டிக்கொண்டே அம்மா என் காதோடு சொன்னாள்:

"எனக்குப் பனின்னா பயம் சாமி. மலையில நின்னு கூவுவேன். நீயும் பதிலுக்குக் கூவிக்கிட்டே போ. யார்ட்டயும் சொல்லிறாத."

அம்மாவுக்குப் பயம்! எனக்கு நெஞ்சு நிமிர்ந்துவிட்டது.

அன்றிலிருந்து பனிக்குள் அவள் கூவுவாள், நான் பதில் கூவுவேன். "கொழுந்தெடுக்க வந்தியா, கூவ வந்தியா?" என்று கங்காணி அதட்டுவது கீழே எனக்குக் கேட்கும். "அக்காவுக்குக் குயில் புடிச்சிருச்சுங்க கங்காணி!" என்று பெண்கள் சிரிப்பார்கள். அம்மாவின் பயம் தெரியாமல் கேலி செய்கிறார்களே என்று எனக்குக் கோபம் வரும்.

ஒருநாள் மழையில் பாதை உடைந்திருந்தது. சுற்றிப் போகப்போய்த் தேயிலைக்குள் வழி தப்பினேன். எந்தப் பக்கம் பார்த்தாலும் வெள்ளை. அழுகை வந்தது. அழுதால் அம்மா இன்னும் பயப்படுவாளே என்று அடக்கிக்கொண்டு பெரிதாகக் கூவினேன். முதுகுக்குப் பின்னால் வர வேண்டிய பதில் முன்னாலிருந்து வந்தது. அப்படியே திரும்பி நடந்தேன். கொஞ்ச நேரத்தில் பள்ளிக்கூட மணி கேட்டது.

"இன்னக்கி ரொம்பப் பயந்துட்டியாம்மா?" என்று மாலையில் கேட்டேன்.

"நீ கூவுனியே சாமி, போயிருச்சு" என்றாள். என் தலையில் வைத்த கையை எடுக்கவே இல்லை.

அம்மாவின் முப்பதாம் நாள் காரியத்துக்கு முந்தாநாள் கொழும்பிலிருந்து வந்தேன். பஸ்ஸை விட்டு இறங்கினால் அதே பனி. நாலு பேர் முன்னால் பேசவே கூசுகிறவன் நான். யாருமில்லை என்று நினைத்துக் கூவிவிட்டேன். மலையில் யாரோ ஒரு பெண் பதில் கூவினாள்.

"யாருங்க அது? வழி தெரியலையா?"

"தெரியுதுக்கா. வீட்டுக்குத்தான் போறேன்."

"அப்ப கூவிக்கிட்டே போங்க. பனி ரொம்ப."

வீடு வரைக்கும் கூவிக்கொண்டே போனேன். அந்தப் பெண்ணும் விடவில்லை.

பனியில் பிறந்து பனிக்குள்ளேயே கொழுந்தெடுத்தவளுக்குப் பனியில் என்ன பயம்? அந்த வயதில் எனக்கு அது தோன்றவே இல்லை. தோன்றியிருந்தால் முதலாம் வகுப்பையே தாண்டியிருக்க மாட்டேன்.

எழுதி முடித்தது: கார்த்திகை மாதம், காரியம் முடிந்த மறுநாள், வெள்ளிக்கிழமை காலை.