துணிக்கடைக்காரனின் குதிரை

அவன் என்னோடு ஒரே பெஞ்சில் படித்தவன். கணக்கில் தேறாமல் படிப்பை விட்டு, நாகர்கோவிலில் அப்பாவின் துணிக்கடையில் உட்கார்ந்தான். நான் சென்னைக்குப் போய் இங்கிலீஷ் ஆனர்ஸ் படித்து, பள்ளிக்கூட வாத்தியாராக ஊர் திரும்பினேன். அவன் முண்டு கிழித்து விற்றுக்கொண்டிருந்தவரை எங்கள் சிநேகத்துக்கு ஒரு குறையும் வரவில்லை. புதுக்கடையிலும் தேங்காய்ப்பட்டணத்திலும் கிளைகள் திறந்தபோதுகூட, பணம்தானே என்று என்னால் சொல்லிக்கொள்ள முடிந்தது.

சுதந்திரம் வந்த பிறகு அவனை அயல்நாட்டுத் தூதரகம் ஒன்றுக்கு வர்த்தகப் பிரதிநிதியாக அனுப்பினார்கள். கொழும்பிலும் ரங்கூனிலும் சரக்கு விற்றுப் பழகியவன். யாரிடமும் பேசிக் காரியம் முடிப்பவன். எனக்குப் பொறுக்கவில்லை. வழியனுப்புக் கூட்டத்தில் இங்கிலீஷில் பாராட்டு எழுதி வாசித்தவன் நான்தான். முடிந்ததும் அவன் என் தோளில் கைபோட்டான்.

"மக்கா, நீ வாசிச்சதுல பாதி எனக்கே வெளங்கல. ஆனா கை தட்டினானுவ பாத்தியா? சேலைக்குத் தள்ளுபடின்னு சொன்னாக்கூட இப்பிடித் தட்டமாட்டானுவ!"

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். வீட்டுக்கு வந்து, "கெஜக்கோல் பிடிச்சவன் தூதராம்" என்றேன். "அதுல உங்களுக்கு என்ன கொறஞ்சு போச்சு?" என்று கேட்டுவிட்டு மனைவி புளி கரைக்கப் போனாள்.

போன இடத்தில் அவனுக்குப் பந்தயக் குதிரை வளர்க்கும் ஆசை தொற்றிக்கொண்டது. பீர்மேட்டில் தேயிலைத் தோட்டத்தை விற்றுவிட்டு இங்கிலாந்து திரும்பவிருந்த ஒரு துரையிடம் சினைக் குதிரை ஒன்றைக் கடிதத்திலேயே விலைபேசினான். கூட்டிவர என்னை அனுப்பினான். துரையின் பேச்சு வேறு யாருக்குப் புரியும்?

துரை குதிரையின் கழுத்தைத் தடவிக்கொண்டே சொன்னார்: இது பசு அல்ல. குட்டி போட்டால் நஞ்சுக்கொடி சீக்கிரமே விழ வேண்டும். விழாவிட்டால் காத்திருக்கக் கூடாது, உடனே கால்நடை வைத்தியரை அழைக்க வேண்டும். தாமதித்தால் உடம்பெல்லாம் விஷமேறிச் செத்துப்போகும். புரிந்ததா என்று கேட்டு என்னைத் திருப்பிச் சொல்லவும் வைத்தார்.

சுசீந்திரத்துக்குப் பக்கத்தில், அவன் வயலை ஒட்டிய தொழுவத்தில் குதிரையைக் கட்டினோம். ஒரு நாள் விடியலில் அது ஆண் குட்டி போட்டது. நான் போனபோது வெயில் ஏறிவிட்டது. கொடி பாதி தொங்கிக்கொண்டிருந்தது. மாடு பார்க்கிறவர் அதில் ஈரத் தேங்காய் மட்டையைக் கனத்துக்குக் கட்டியிருந்தார். மூங்கில் இலை ஒடித்து வந்து தின்னப் போட்டிருந்தார். விழுந்ததும் கொடியைச் சுற்றி ஆலமரத்தில் கட்ட வைக்கோல் பிரியும் தயாராக இருந்தது. பசுவுக்குச் செய்வதெல்லாம் செய்தாயிற்று.

"பசுவுக்கு நாளைக்கு வரைக்கும் பொறுக்கலாம்லா சாரே? இதுக்கும் அப்பிடித்தானே? தொரை எதாஞ் சொன்னாரா?"

அதற்கு முந்தின நாள்தான் அவன் மனைவி ஒரு போட்டோவைக் காட்டியிருந்தாள். அவனைச் சுற்றி வெள்ளைக்காரர்கள் நின்று, அவன் சொல்வதைக் கேட்டுச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். அவன் கழுத்தில் டை முடிச்சு அவ்வளவு நேராக இருந்தது. எனக்கு அப்படிக் கட்ட வராது.

"ஒண்ணும் சொல்லல. பொறுத்துப் பாப்போம்" என்றேன்.

வைத்தியர் வீடு சைக்கிளில் போகிற தூரம்தான். குதிரை சாக வேண்டும் என்று நான் நினைக்கவில்லை. இந்த ஒன்றாவது அவனுக்குக் கைகூடாமல் போகட்டும் என்று நினைத்தேன். மறுநாள் நானாகவே ஓடிப்போய் வைத்தியரைக் கூட்டிவந்தேன். அவர் பார்த்துவிட்டுக் கையைக் கழுவினார். காய்ச்சலில் நடுங்கி, குளம்பை ஊன்ற முடியாமல் குதிரை செத்தது. குட்டியைப் பசும்பால் புகட்டிக் காப்பாற்றினார்கள்.

விடுப்பில் வந்தவன், அழுத மாட்டுக்காரரைத் தேற்றினான். என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீ பக்கத்துல நின்னியே, அது போதும் மக்கா" என்றான். அப்போதும் நான் சொல்லவில்லை.

அந்தக் குட்டி வளர்ந்து கிண்டியில் ஓடி ஜெயித்தது. அவன் பெங்களூர்ப் பக்கம் நிலம் வாங்கி இன்னும் குதிரைகள் வளர்த்தான். லண்டனுக்கும் மாற்றலாகிப் போனான். ஒவ்வொரு செய்தி வந்த நாளிலும் எனக்குச் சோறு இறங்கவில்லை.

லண்டனிலிருந்து வந்தபோது ஒரு பேனாவோடு என் வீட்டுக்கு வந்தான். காப்பியைக் குடித்துக்கொண்டே சொன்னான்:

"பீர்மேட்டுத் தொரைய அங்க பாத்தேன். ஒன்ன ரொம்ப விசாரிச்சாரு. நல்ல படிச்சவன், சொன்னத ஒரு வார்த்தை விடாம அப்பிடியே திருப்பிச் சொன்னான்னு புகழ்ந்தாரு."

நான் அவன் முகத்தைப் பார்க்கவில்லை. அவன் என் மனைவியிடம் காப்பி நன்றாக இருக்கிறது என்றான், என் பையனின் படிப்பை விசாரித்தான், கும்பிட்டு விடைபெற்றான். குரல் கொஞ்சமும் மாறவில்லை. அதற்குப் பிறகு அவன் என் வீட்டுப் படி ஏறவில்லை.

அன்று அவன் கார் தெருமுனை திரும்பும்வரை வாசலில் நின்றேன். வெட்கத்தில் தலை குனிந்திருக்க வேண்டிய நான், அவன் இடத்தில் இருந்தால் இவ்வளவு அமைதியாகச் சொல்லியிருப்பேனா என்று யோசித்து, அதற்கும் அவன் மேல் பொறாமைப்பட்டேன்.