பச்சை நாடாப் பிள்ளைகள்

மனைவி மறைந்த பின், அவள் சேர்த்துவைத்திருந்த சிறுவர் நூல்களை மடுல்சீமைத் தேயிலைத் தோட்டப் பாடசாலை ஒன்றுக்குக் கொண்டுசென்றேன். வகுப்பாசிரியை இளையவர்; தாழ்ந்த குரலும் நீங்காத புன்னகையும் உடையவர். ஒவ்வொரு பிள்ளையின் மணிக்கட்டிலும் அவர் நாடா கட்டியிருந்தார். பார்த்துக் கற்பவருக்கு நீலம், கேட்டுக் கற்பவருக்கு மஞ்சள், கையால் செய்து கற்பவருக்குப் பச்சை. தோட்டத் தொழிலாளரின் லயத்து வீடுகளிலிருந்து வந்த பிள்ளைகள் பெரும்பாலும் பச்சை.

பச்சை நாடாச் சிறுமி ஒருத்தி நான் கொண்டுவந்த நூலொன்றை எடுத்துத் தடையின்றி வாசித்தாள். ஆசிரியை அதை மெல்ல வாங்கிக்கொண்டு களிமண்ணைக் கொடுத்தார்.

"நீ பச்சை நாடாதானே, தங்கம். இது ஒனக்குக் கஷ்டம்."

"இப்பிடிப் பிரிக்கிறதில பயனில்லையெண்டு ஆராய்ச்சியாளர் சோதிச்சே காட்டியிருக்கினம், டீச்சர். பிள்ளை வாசிக்கிறாள்தானே?" என்றேன்.

"பயிற்சியில இப்படித்தாங்க சேர் சொல்லிக்குடுத்தாங்க. இப்ப ஒரு புள்ளையும் அழுவுறதில்ல, பாருங்க."

உண்மைதான், ஒருவரும் அழவில்லை. நூலைச் சிறுமியிடம் மீண்டும் நீட்டினேன். அவள் கைகளைப் பின்னால் மறைத்துக்கொண்டாள்.

"எனக்கு வாசிக்க வராதுங்க சேர்."

"அவளுக்கே வெளங்கிருச்சு, பாத்தீங்களா?" ஆசிரியை அவள் தலையை வருடினார். "அவ அம்மாவும் இப்படித்தான். கொழுந்து எடுக்கிறதுல அவங்க கைதாங்க மொதல் கை."

அவ்வளவு அன்பான ஒரு முகத்தைப் பார்த்து நான் அதற்குமுன் அஞ்சியதில்லை.