வெள்ளிச் சிலந்தியின் கண்கள்

கல்லூரியில் விலங்கியல் நடத்தி ஓய்வுபெற்ற பிறகு சிலந்திகளின் கண்களை எண்ணுவதே என் வேலையாகிவிட்டது. பெரும்பாலான சிலந்திகளுக்கு எட்டு, சிலவற்றுக்கு ஆறு. எத்தனை கண், எப்படி அமைந்திருக்கின்றன என்று பார்த்தாலே பல குடும்பங்களைப் பிரித்துவிடலாம். நிறத்தை நான் நம்புவதில்லை.

தாயில்பட்டிப் பக்கம் பட்டாசுக் கம்பெனி நடத்திய என் பள்ளித்தோழன், சீசன் தொடங்கும் நேரத்தில் விருதுநகரில் என் வீட்டுக்கு வந்தான். கையில் பிலிம் ரோல் டப்பா. உள்ளே ஒரு சிலந்தி, உடம்பெல்லாம் வெள்ளி.

“வெடிமருந்து கலக்குற ரூம் சுவத்துல இருந்துச்சுலே. இப்படி ஒண்ணு பாத்திருக்கியா?”

“இந்த நிறத்துல பாத்ததில்ல.”

அவனுக்கு அது போதும். புது இனம் என்று முடிவு கட்டிவிட்டான். புது இனத்துக்குப் பெயர் வைக்கலாம் என்று என்றோ நான் சொன்னது அவனுக்கு நினைவிருந்தது. கம்பெனியைத் தொடங்கிய அவன் அப்பாவின் பெயரை இந்தச் சிலந்திக்கு வைக்க வேண்டுமாம். அதே பெயரில் ஒரு பட்டாசு, அதற்கு வெள்ளிச் சிலந்தி லேபிள். சிவகாசி அச்சகத்தில் ஆர்டரும் கொடுத்துவிட்டான்.

அவன் கம்பெனிக்குள் லென்ஸ் கொண்டுபோக முடியாது. வெயிலும் லென்ஸும் சேர்ந்தால் என்ன ஆகும் என்று அங்கே எல்லோருக்கும் தெரியும். அதனால் சிலந்திதான் என்னிடம் வரவேண்டியிருந்தது.

ஸ்பிரிட்டில் போட்டுக் குலுக்கினேன். வெள்ளி கழன்று அடியில் படிந்தது. பட்டாசு மருந்தில் கலக்கும் அலுமினியப் பொடி. மருந்து ரூமில் வேலை பார்ப்பவர்கள் சாயங்காலம் இமைமயிர்வரை வெள்ளியாகத்தான் வெளியே வருவார்கள். அதே சுவரில் குடியிருக்கும் சிலந்தி எப்படித் தப்பும்? எங்கள் இரண்டு பேருக்கும் அது தோன்றவில்லை.

மிச்சம் இருந்தது மஞ்சள் உடம்பு, கறுப்புப் புள்ளி, மேடான முன்பக்கம். பசை துப்பிப் பூச்சியை ஒட்டவைத்துப் பிடிக்கிற வகை. என் வீட்டுப் பரணிலும் உண்டு. லென்ஸ் வைத்தேன். ஆறு கண், மூன்று ஜோடி. மறுபடி எண்ணினேன், ஆறு.

“நல்லா எண்ணுனியாலே? மத்ததுக்கெல்லாம் எட்டும்ப. ரெண்டு எங்கன போச்சு?”

“இதோட பூட்டனுக்குப் பூட்டனுக்கு எட்டு இருந்துச்சு. கோடிக்கணக்கான வருசத்துக்கு முன்னாடியே இந்தக் கிளை ரெண்ட விட்டுருச்சு. ஒன் மருந்து ரூம்ல தொலைக்கல.”

சிரித்தான்.

“அப்ப அப்பா பேரு?”

“பட்டாசுக்கு வையி. அது ஒன் சரக்கு. சிலந்திக்கு ஏற்கெனவே பேரு இருக்கு, அதை மாத்த முடியாது. படத்துல எத்தன கண்ணு போட்டிருக்க?”

பையிலிருந்து லேபிள் புரூப்பை எடுத்தான். இரண்டே கண். சினிமாக்காரி மாதிரி நீள இமைமயிர் வேறு.

“இத மாத்து.”

“பட்டாசு வாங்குறவன் எவன்லே கண்ண எண்ணப் போறான்?”

“நான் எண்ணுவேன்.”

தீபாவளிக்கு முன்னால் ஒரு பெட்டி அனுப்பியிருந்தான். லேபிளில் அவன் அப்பா பெயர், கீழே வெள்ளிச் சிலந்தி. லென்ஸை எடுத்தேன். மூன்று ஜோடியும் அதனதன் இடத்தில் இருந்தன. வெள்ளி இருந்துவிட்டுப் போகட்டும் என்று விட்டுவிட்டேன்.